கேள்வி – பதில்: ஈரோட்டில் அச்சான குடிஅரசு

கே: பேர் பெற்ற பத்திரிகை என்றாலே சென்னைதான் என்கிறார்கள். சின்ன ஊரிலிருந்து வந்த வாரப் பத்திரிகை ஏதாவது தமிழ்நாட்டையே அசைத்ததுண்டா?
– வாசகர், கரூர்

ப: ஏன் இல்லை, பெரியார் நடத்திய குடிஅரசு இருக்கிறதே! 1925 மே 2-ஆம் தேதி ஈரோட்டில் ஆரம்பமானது. பெரியார் அப்போது காங்கிரஸ்காரர், ஊர் ஊராகக் கதர் விற்றவர். ஆசிரியர்கள் என்று அவர் பெயரும் தங்கபெருமாள் பிள்ளை பெயரும் வந்தன. அந்த நவம்பரிலேயே காஞ்சிபுரம் காங்கிரஸ் மாநாட்டில் வகுப்புவாரி பிரதிநிதித்துவத் தீர்மானத்துக்கு (ஒவ்வொரு வகுப்பாருக்கும் உரிய பங்கு வேண்டும் என்பது) வழிவிடவில்லை என்று அவர் வெளியேறிவிட்டார். அந்த நேரத்தில் சொந்தப் பத்திரிகை கையில் இல்லாமல் இருந்திருந்தால், அவர் ஏன் வெளியேறினார் என்பதை மற்றவர்கள் எழுதியதை வைத்துத்தான் ஊர் உலகம் தெரிந்துகொண்டிருக்கும்.

ஈரோடு சின்ன ஊர்தான், ஆனால் ரயில் சந்திப்பு. கோவை, சேலம், திருச்சி எல்லாப் பக்கமும் பத்திரிகைக் கட்டு போய்ச் சேரும். அதைவிடப் பெரிய விஷயம், அச்சகம் சொந்தம். உண்மை விளக்கம் அச்சகம் என்று பெயர். அடுத்தவர் அச்சகத்தில் கொடுத்து அடித்திருந்தால், முதல் வழக்கு வந்ததுமே 'ஐயா, வேறு இடம் பார்த்துக்கொள்ளுங்கள்' என்று அனுப்பியிருப்பார்கள். குடிஅரசு அத்தனை வருஷம் தாக்குப்பிடித்ததற்கு முதல் காரணம் இதுதான் என்பேன்.

கே: கடவுள் மறுப்புப் பத்திரிகையை ஒரு மடாதிபதி திறந்து வைத்தார் என்கிறார்களே, நிஜமா?
– வாசகி, கடலூர்

ப: நிஜம்தான். உங்கள் ஊர்ப் பக்கத்து திருப்பாதிரிப்புலியூர் மடத்தின் ஞானியார் அடிகள்தான் வந்து திறந்து வைத்தார். 1925-ல் அது கடவுள் மறுப்புப் பத்திரிகை ஆகியிருக்கவில்லை. பெரியாரின் கருத்து வாராவாரம் எப்படி நகர்ந்தது என்பதை அந்த இதழ்களை வரிசையாகப் படித்தால் பார்க்கலாம். ஒரே ஒரு இடம் சொல்கிறேன். 1927 டிசம்பர் 18 இதழில் ஆசிரியர் பெயர் ஈ.வெ.ராமசாமி நாயக்கர். அடுத்த வாரம், டிசம்பர் 25 இதழில், ஈ.வெ.ராமசாமி மட்டும்தான். சாதிப் பட்டத்தை விடுங்கள் என்று அவருடைய சுயமரியாதை இயக்கத்தின் செங்கல்பட்டு மாநாடு தீர்மானம் போட்டது 1929-ல். ஊருக்குச் சொல்வதற்கு முன்னால் தன் பத்திரிகையில் தன் பெயரிலிருந்து எடுத்துவிட்டார். எனக்கு மிகவும் பிடித்த இரண்டு இதழ்கள் அவை.

கே: குடிஅரசு நடத்தியதற்காக ஒரு பெண்ணும் சிறைக்குப் போனாராமே? யார் அவர்?
– வாசகி, பவானி

ப: எஸ்.ஆர்.கண்ணம்மாள், பெரியாரின் தங்கை. 1921-ல் ஈரோட்டில் அண்ணி நாகம்மையாரோடு சேர்ந்து கள்ளுக்கடை மறியல் செய்தவர். நாகம்மையார் 1933 மே மாதம் காலமானார். அந்த வருஷம் அக்டோபர் 29 இதழில் 'இன்றைய ஆட்சிமுறை ஏன் ஒழிய வேண்டும்?' என்று ஒரு தலையங்கம் வந்தது. அரசாங்கம் ராஜதுரோக வழக்குப் போட்டது. எழுதியவர் அண்ணன், வெளியிட்டவர் என்ற இடத்தில் தங்கை பெயர், ஆகவே 1934-ல் இரண்டு பேருக்கும் சிறைத் தண்டனை. வெளியிடுபவர் என்று தன் பெயரைப் போடச் சம்மதிப்பது வெறும் சடங்கு அல்ல, போலீஸ் வந்தால் முதலில் தேடுவது அந்தப் பெயரைத்தான். தெரிந்தேதான் அந்த இடத்தில் இருந்தார் அந்த அம்மாள். சுயமரியாதை இயக்கம் பற்றிப் பேசும்போது இவர் பெயரை விட்டுவிட்டுப் போவது எனக்கு வருத்தமாக இருக்கிறது.

பத்திரிகை என்ன ஆயிற்று என்று கேட்பீர்கள். குடிஅரசு நின்ற கையோடு 1933 நவம்பரில் 'புரட்சி' வந்தது, அது நின்றதும் 'பகுத்தறிவு', அப்புறம் 1935 ஜனவரியில் மறுபடியும் குடிஅரசே.

கே: எழுத்துச் சீர்திருத்தம் எம்.ஜி.ஆர் கொண்டுவந்தது இல்லையா? குடிஅரசு என்கிறார்களே?
– வாசகர், தேனி

ப: அரசாணை 1978-ல், எம்.ஜி.ஆர் ஆட்சியில். அச்சில் செய்து காட்டியது குடிஅரசு, 1935-லேயே. பழைய புத்தகங்களில் லை, ளை, னை, ணை எல்லாம் தலைக்கு மேல் தும்பிக்கை தூக்கி நிற்கும், பார்த்திருப்பீர்கள். றா, னா, ணா மூன்றும் துணைக்கால் இல்லாமல் வளைந்து சுழித்திருக்கும். கையால் அச்சுக் கோக்கிற காலத்தில் இந்த ஒவ்வொன்றுக்கும் தனி ஈய எழுத்து வார்க்க வேண்டும், தனி அறையில் போட்டு வைக்க வேண்டும், கோப்பவர் கை ஒவ்வொரு தடவையும் அங்கே போய்த் திரும்ப வேண்டும். 'கை'யில் இருக்கிற அதே கொம்பை 'ல'வுக்கும் போடு, 'கா'வில் இருக்கிற அதே காலை 'ன'வுக்கும் போடு என்றார் பெரியார். அச்சகம் வைத்திருந்தவருக்குத்தான் இந்தச் சிரமம் இவ்வளவு துல்லியமாகத் தெரியும்!

கே: வெளிநாட்டு நூல்களும் அதில் வந்தனவா? இப்போது எங்கே படிக்கலாம்?
– மாணவர், திருச்செங்கோடு

ப: மார்க்ஸும் எங்கெல்ஸும் எழுதிய கம்யூனிஸ்ட் கட்சி அறிக்கை 1931 அக்டோபரில் தொடராக வந்தது. வெளிநாட்டு நூல் அல்ல என்றாலும் இதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும், அம்பேத்கரின் சாதி ஒழிப்பு உரை 1936-ல் ஆங்கிலத்தில் வெளியானதுமே தமிழில் இங்கே தொடராகக் கிடைத்தது. பத்திரிகை 1949-ல் நின்றுபோனது. பெரியாரின் குடிஅரசு எழுத்துகள் ஆண்டுவாரியாகத் தொகுதிகளாக வந்திருக்கின்றன, இணையத்திலும் கிடைக்கின்றன. 1925-லிருந்து வரிசையாகப் படியுங்கள், நடுவிலிருந்து ஆரம்பிக்காதீர்கள்.