ஏறுவதற்கு முன் நடக்கப் பழக்குங்கள்: குதிரைக் கேள்விகள்

குதிரை வைத்திருப்பவர்கள் கேள்வி அனுப்பலாம் என்று சென்ற மாதம் சொல்லியிருந்தோம். கடலூர், புதுச்சேரி, பண்ருட்டி, நெல்லிக்குப்பம் என்று சுற்றுவட்டாரத்திலிருந்தே நிறையக் கடிதங்கள் வந்தன. படித்துப் பார்த்தால் பாதிப் பேருக்கு மேல் சிக்கல் முதுகில் ஏறிய பிறகு வந்ததில்லை, கீழே நின்று கயிற்றைப் பிடித்திருக்கும்போதே வந்திருக்கிறது. அதனால் இந்த முறை தரையில் நின்று பழக்குவது பற்றிய கேள்விகளை மட்டும் எடுத்துக்கொண்டேன்.

அண்ணா, அந்தியூர் ஆடிச் சந்தையில் மூன்று வயது என்று சொல்லி ஒரு ஆண் குதிரை வாங்கினேன். கயிற்றைப் பிடித்து நடத்தினால் என்னை இழுத்துக்கொண்டு ஓடுகிறது, நின்றால் தோளைக் கடிக்க வருகிறது. ஒருவர் நாலே நாளில் அடக்கி ஏறக் கொடுக்கிறேன் என்கிறார். கொடுக்கலாமா?
— வாசகர், மஞ்சக்குப்பம், கடலூர்

கொடுக்காதீர்கள் தம்பி. நாலு நாளில் அடங்கிய குதிரை பயந்துபோய் நிற்கிறது என்றுதான் அர்த்தம், அந்தப் பயம் ஒரு நாள் நடுரோட்டில் வெளியே வரும்.

முதலில் உதட்டைத் தூக்கிப் பல்லைப் பாருங்கள். முன்பல் மேலே ஆறு, கீழே ஆறு. பால்பல் சின்னதாக வெள்ளையாக இருக்கும், நிலைப்பல் அகலமாகவும் கொஞ்சம் மஞ்சளாகவும் இருக்கும். நடு ஜோடி சுமார் இரண்டரை வயதில் விழுந்து முளைக்கும், அடுத்த ஜோடி மூன்றரையில், ஓரத்து ஜோடி நாலரையில். நடுவில் இருப்பது இன்னும் பால்பல்தான் என்றால் உங்கள் குதிரைக்கு மூன்று வயது ஆகவில்லை, விற்றவர் என்ன சொல்லியிருந்தாலும் சரி. பல் மாறும் காலத்தில் ஈறு வலிக்கும், அந்த நேரத்தில் கடிவாளத்தைத் திணித்தால் அது தலையைத் தூக்கிச் சண்டை போடத்தான் செய்யும், அதை நாம் திமிர் என்று நினைத்துக்கொள்வோம். எலும்பும் இப்படித்தான். முன்னங்கால் முட்டிக்கு மேலே இருக்கும் வளர்ச்சித் தட்டு மூடவே இரண்டரை வயது ஆகும், முதுகெலும்பு முழுக்க முதிர ஐந்து வயது தாண்டிவிடும். நான் என்றால் நாலு வயது ஆகும் வரை முதுகில் ஆள் ஏற்ற மாட்டேன். அதுவரை சும்மா கட்டிப்போட வேண்டியதில்லை, தரையில் நின்று சொல்லிக்கொடுக்க ஓராண்டுக்கு மேல் வேலை இருக்கிறது.

இப்போது இழுத்துக்கொண்டு ஓடுவதற்கு வருவோம். குதிரையை இழுத்து ஜெயிக்க யாராலும் முடியாது, முந்நூறு நானூறு கிலோ உடம்பு அது. அதோடு, விடாமல் ஒரே சீராக இழுத்தால் இழுப்பை எதிர்த்துச் சாய்வது அதன் இயல்பு. வண்டியில் பூட்டினால் மார்பால் பட்டையைத் தள்ளிக்கொண்டு போவது அதனால்தானே. நீங்கள் கயிற்றை இறுக்கிப் பிடித்திருக்கும் வரை அதற்கு எதுவும் புரியாது. சரியான ஒரு அடி எடுத்து வைத்ததும், அந்த நொடியிலேயே, கயிறு தளர வேண்டும். 'ஓ, இதைத்தான் கேட்டாரா' என்று அப்போதுதான் அதற்குப் புரிகிறது. மூன்று நான்கு நொடி கழித்துத் தளர்த்தினால் அதற்குள் அது வேறு ஏதோ செய்துகொண்டிருக்கும், தப்பான பாடம் மனதில் ஏறிவிடும். எனக்கு இது கைக்கு வர வருடக்கணக்கானது, மனசுக்குத் தெரிந்தும் விரல் திறக்காது.

செய்முறை சொல்கிறேன். 12 அடி பருத்திக் கயிறு வாங்குங்கள், நைலான் வேண்டாம், உருவினால் உள்ளங்கைத் தோல் போய்விடும். வாயில் இரும்பு எதுவும் இல்லாமல் தலைக்கயிறு மட்டும் போதும். வேலி இருக்கும் இடமாகப் பாருங்கள், வீட்டுக் கொல்லை போதும், கெடிலம் ஆற்று மணலுக்குக் கூட்டிப்போக இன்னும் நாளாகட்டும். குதிரையின் இடது தோளுக்குப் பக்கத்தில் நில்லுங்கள், முன்னால் போய் நின்று இழுக்க வேண்டாம். முன்னால் பார்த்து நடக்க ஆரம்பியுங்கள், வரவில்லை என்றால் இடது கையில் ஒரு நீளக் குச்சி வைத்துக்கொண்டு உங்கள் முதுகுப் பக்கமாகவே அதன் விலாவைத் தொடுங்கள். அடிக்கக் கூடாது, தொடுவது மட்டும்தான், ஒரு அடி வந்ததும் குச்சி கீழே போய்விட வேண்டும். முந்திக்கொண்டு ஓடப் பார்த்தால் மல்லுக்கு நிற்காமல் வட்டமாகத் திரும்பிவிடுங்கள், அல்லது நிறுத்தி இரண்டு அடி பின்னால் போகச் சொல்லுங்கள். பின்னால் போக வைக்க மோவாய்க்குக் கீழே கயிற்றைப் பிடித்து லேசாக மார்பை நோக்கி அழுத்தினால் போதும். முதல் நாள் ஒரு நிமிடம் கூட அசையாமல் நிற்கும், நீங்களும் அழுத்தத்தைக் கூட்டாமல் குறைக்காமல் காத்திருங்கள். உடம்பின் பாரம் பின்னங்காலுக்குக் கொஞ்சம் போனாலே விட்டுவிடுங்கள். கால் எடுத்து வைக்கும் வரை காத்திருக்க வேண்டாம், அது நாளைக்கு வரும்.

அடுத்தது பின்னுடம்பை நகர்த்துவது, எல்லாவற்றிலும் இதைத்தான் முக்கியமாக நினைக்கிறேன். தலையைக் கொஞ்சம் உங்கள் பக்கம் திருப்பிப் பிடித்துக்கொண்டு, இடுப்பைப் பார்த்தபடி, ஏறி உட்கார்ந்தால் நம் குதிகால் படும் இடத்தில் விரல் நுனியால் அழுத்துங்கள். உங்கள் பக்கத்துப் பின்னங்கால் மற்றதற்கு முன்னால் குறுக்கே போட்டு நகர வேண்டும், நகர்ந்ததும் விரலை எடுத்துவிடுங்கள். குதிரைக்கு உந்து சக்தி முழுக்கப் பின்னங்காலில் இருக்கிறது, அந்தக் கால் குறுக்கே போகும்போது அதனால் நேராகப் பாயவும் முடியாது, எழும்பி நிற்கவும் முடியாது. நாளைக்கு ஒரு லாரி ஹாரன் அடித்து அது மிரளும்போது உங்களைக் காப்பாற்றப் போவது இந்தப் பாடம்தான். வலது பக்கமும் இதையெல்லாம் முதலிலிருந்து சொல்லிக்கொடுங்கள், இடப்பக்கம் பார்த்துப் பழகிய பொருளை வலப்பக்கம் பார்த்தால் மறுபடி மிரளும் குதிரைகளை நான் நிறையப் பார்த்திருக்கிறேன்.

கடிப்பது பற்றி: கையால் வெல்லமும் கேரட்டும் ஊட்டுகிறீர்களா? இன்றோடு நிறுத்திவிட்டு எதைக் கொடுத்தாலும் பக்கெட்டில் போடுங்கள். வாய் உங்கள் பக்கம் வரும்போது முழங்கை நடுவில் இருக்கட்டும், அதுவாக வந்து முழங்கையில் இடித்துக்கொள்ளட்டும். கடித்த பிறகு அடித்தால் அதை விளையாட்டாக எடுத்துக்கொள்ளும், இளம் ஆண் குதிரைகள் தங்களுக்குள் அப்படித்தான் கடித்து விளையாடும். விதை நீக்குவது பற்றிக் கால்நடை மருத்துவரிடம் பேசுங்கள், இனப்பெருக்கத்துக்கு வைத்துக்கொள்ளும் எண்ணம் இல்லை என்றால் முதல் குதிரை வளர்ப்பவர் வீட்டில் விதையுள்ள குதிரை வேண்டாம் என்பது என் அழுத்தமான கருத்து. கொள்ளு கொடுப்பதையும் கொஞ்சம் குறையுங்கள், வேலையே இல்லாத குதிரைக்குத் தானியம் ஏற்றினால் அந்த வேகம் எங்கேயாவது போயாக வேண்டும், புல் வயிறு நிறையக் கிடைக்கட்டும்.

இன்னொன்று, தயவுசெய்து கவனமாகப் படியுங்கள். கயிற்றைக் கையில் சுற்றிக்கொள்ளவே கூடாது. மடித்து மடித்து உள்ளங்கையில் பிடியுங்கள், வளையத்துக்குள் விரல் போகக் கூடாது. எனக்கு 22 வயதில், பிடி நழுவாமல் இருக்கட்டும் என்று இரண்டு சுற்றுச் சுற்றிக்கொண்டு ஒரு பெண் குதிரையை நடத்தினேன், ஒரு பிளாஸ்டிக் பை பறந்து வந்தது, அவ்வளவுதான், அது என்னை மணலில் இழுத்துக்கொண்டு போனது. மோதிர விரல் இன்னும் முழுசாக மடங்காது. அதன் மேல் தவறே இல்லை.

காலை 15 நிமிடம், மாலை 15 நிமிடம். நன்றாகச் செய்த ஒன்றோடு நிறுத்திவிடுங்கள். ஒரு மாதம் கழித்து எழுதுங்கள் தம்பி, ஆவலாக இருப்பேன்.

ஐயா, என் பத்து வயது மகளைக் குதிரையேற்றம் கற்கச் சேர்த்தேன். மூன்று வாரமாகத் தேய்த்துவிடுவது, குளம்பு சுத்தம் செய்வது, கயிற்றைப் பிடித்து நடத்துவது, இதுதான் நடக்கிறது. ஏறவே விடவில்லை. கட்டிய பணம் வீணா?
— ஒரு தாய், லாஸ்பேட்டை, புதுச்சேரி

வீணே இல்லை அம்மா, நல்ல ஆசிரியர் கிடைத்திருக்கிறார் என்று தோன்றுகிறது. குதிரைக்குக் கண்கள் தலையின் இரண்டு பக்கத்திலும் இருப்பதால் ஏறக்குறைய 350 டிகிரி பார்க்கும், ஆனால் நேர் பின்னாலும், நெற்றிக்கு நேர் முன்னால் கொஞ்ச இடமும் அதற்குத் தெரியாது. பாப்பா பின்பக்கமாக ஓடிப்போய் வாலைத் தொட்டால் என்ன ஆகும் என்று யோசித்துப் பாருங்கள். பேசிக்கொண்டே தோள் பக்கம் போவது, முதலில் கழுத்தைத் தொடுவது, பின்னால் சுற்றிப் போக வேண்டுமென்றால் கையை முதுகில் வைத்தபடி ஒட்டிப் போவது அல்லது நன்றாக எட்டிப் போவது, இதெல்லாம் உடம்பில் ஊறிய பிறகுதான் மேலே ஏற வேண்டும். காது பின்னால் ஒட்டினால் கோபம், கண்ணில் வெள்ளை தெரிந்தால் பயம், தலை தாழ்ந்து வாயை மெல்ல ஆரம்பித்தால் இறுக்கம் தளர்கிறது என்று குழந்தை தானாகச் சொல்லும் நாள் வரும், அப்போது உங்களுக்கே பெருமையாக இருக்கும்.

நீங்கள் பார்க்க வேண்டியது வேறு. கீழே நிற்கும்போதும் தலையில் ஹெல்மெட் இருக்கிறதா, காலில் மூடிய ஷூ இருக்கிறதா, செருப்போடு விடுகிறார்களா? குதிரைகளின் விலா எலும்பு தெரிகிறதா, வாயோரத்தில் புண் இருக்கிறதா? இதில் ஏதாவது சரியில்லை என்றால் அன்றைக்கே கேளுங்கள். இரண்டு மாதம் ஆகியும் காரணம் சொல்லாமல் தள்ளிப்போட்டால் அதையும் கேளுங்கள், கேட்பது உங்கள் உரிமை.

அண்ணே, தேவனாம்பட்டினம் பீச்சில் மட்டக்குதிரை வைத்துப் பிள்ளைகளை ஏற்றுகிறேன். அலை கிட்டே போக மாட்டேன் என்கிறது, மேளச் சத்தம் கேட்டால் ஓடுகிறது. மாசி மகத்துக்கு சாமிகள் கடலுக்கு வரும்போது கூட்டம் ஜாஸ்தி, அன்றைக்குத்தான் வருமானம். என்ன செய்வது?
— வாசகர், கடலூர் துறைமுகம்

அந்த ஒரு நாள் வருமானம் உங்கள் வீட்டுக்கு எவ்வளவு முக்கியம் என்று எனக்குத் தெரியும், அதனால்தான் முன்கூட்டியே ஆரம்பியுங்கள் என்கிறேன். சத்தத்துக்கு நடுவில் கொண்டுபோய்க் கட்டிவைத்தால் பழகிவிடும் என்று சொல்வார்கள், நம்பாதீர்கள். ஓட முடியாமல் விறைத்து நிற்பது பழகியதாக ஆகாது.

தெரிந்த மேளக்காரர் பயிற்சி செய்யும் இடத்துக்கு மாலையில் கூட்டிப்போங்கள். காதை நிமிர்த்திப் பார்க்கிறது, ஆனாலும் புல் கடிக்கிறது என்கிற தூரத்தில் நிறுத்துங்கள், அது நூறு மீட்டராக இருந்தாலும் பரவாயில்லை. தலை தாழ்ந்து மூச்சு விட்டதும் திரும்பிக் கூட்டி வந்துவிடுங்கள். அடுத்த நாள் பத்தடி கிட்டே. சில நாள் கழித்து மேளத்தை முன்னால் நடக்கச் சொல்லி நீங்கள் குதிரையோடு பின்னால் போங்கள், தன்னைக் கண்டு விலகிப் போகிற பொருளைப் பின்தொடரும்போது அதற்குத் தைரியம் வரும், இந்த ஒன்று நான் பார்த்தவரை ரொம்பவே உதவியிருக்கிறது.

அலைக்கும் இதே வழிதான். கடல் அமைதியாக இருக்கும் காலையில், ஈர மணலில், நுரை வந்து நிற்கும் கோட்டுக்கு மேலே கரையோடு நடத்துங்கள். கடலைப் பார்த்து நேராகத் தள்ளாதீர்கள். நாம் கடல் பக்கமாக நடந்தால் அதற்கும் அலைக்கும் நடுவில் நாம் இருப்போம், நிறையக் குதிரைகளுக்கு அதுவே தெம்பு. கால் புதையும் உலர்ந்த மணலில் வெகுநேரம் வேலை வாங்க வேண்டாம், தசைநார் பழுதாகும். தீவனத்தையும் மணலில் கொட்டாமல் தொட்டியில் வையுங்கள், மணல் வயிற்றில் சேர்ந்து வலி வந்தால் உயிருக்கே ஆபத்து.

மாசி மகத்துக்கு ஒரு வாரம் முன்னால் ஒரு முறை சோதித்துப் பாருங்கள். அப்போதும் மிரண்டால் இந்த வருடம் வீட்டிலேயே இருக்கட்டும் தம்பி, மேலே இருக்கப்போவது இன்னொருவர் பிள்ளை.

ஏறுவதற்கு முன் ஒரு மணி நேரம் லஞ்சிங் (நீளக் கயிற்றில் பிடித்து வட்டமாக ஓட்டுவது) செய்து களைப்பாக்கினால் குதிரை அடக்கமாக இருக்கும் என்கிறார்கள். சரியா?
— வாசகர், பண்ருட்டி

சரியில்லை. வட்டத்தில் ஓடும்போது உள்பக்கக் கால்களின் மூட்டுக்குப் பாரம் கூடுதல். அதோடு தினமும் ஒரு மணி நேரம் ஓட்டினால் ஒரு மாதத்தில் இரண்டு மணி நேரம் ஓடினாலும் களைக்காத குதிரை உங்களிடம் இருக்கும். 15, 20 நிமிடம் போதும், பாதி நேரம் இடம், பாதி நேரம் வலம். 25 அடிக் கயிறு என்றால் 50 அடி வட்டம் கிடைக்கும், அதை விடச் சின்ன வட்டம் வேண்டாம். நடை, ஓட்டம், மறுபடி நடை, நில் என்று உங்கள் குரலுக்கு மாறி மாறிச் செய்யட்டும், கால் ஓடுவதை விடக் காது உங்கள் பக்கம் திரும்புவதுதான் வேண்டும். கத்திரி வெயில் காலத்தில் காலை ஏழு மணிக்குள் முடித்துவிடுங்கள். நம் பக்கத்துப் புழுக்கத்தில் சில குதிரைகளுக்கு வியர்ப்பதே நின்றுவிடும், உடம்பு உலர்ந்து கிடக்க மூச்சு மட்டும் வாங்கினால் உடனே நிழல், தண்ணீர், மருத்துவர்.

கல்யாண சாரட்டுக்குப் பூட்டும் குதிரை நிற்கச் சொன்னால் நிற்பதில்லை. முள் வைத்த கடிவாளம் போடச் சொல்கிறார்கள்.
— வாசகர், நெல்லிக்குப்பம்

போடாதீர்கள். வண்டி இழுக்கும் விலங்குகளுக்கான 1965 விதிகளில் முள் கடிவாளத்துக்குத் தடையே இருக்கிறது. ஒரு நாளில் ஒன்பது மணி நேரத்துக்கு மேல் வேலை வாங்கக் கூடாது, 37 டிகிரிக்கு மேல் வெயில் அடித்தால் பகல் 12 முதல் 3 வரை பூட்டக் கூடாது என்றும் அதில் இருக்கிறது. ஏற்கெனவே போட்டிருந்தால் கழற்றிவிட்டு, நாக்கையும் வாயோரத்தையும் பாருங்கள், புண் ஆறும் வரை வண்டி வேண்டாம். அந்த நாட்களில் தலைக்கயிறு மட்டும் போட்டு, மேலே மஞ்சக்குப்பத்துத் தம்பிக்குச் சொன்னபடி நடப்பது, நிற்பது, பின்னால் போவது மூன்றையும் சொல்லிக்கொடுங்கள். அப்புறம் இரண்டு நீளக் கயிறு கட்டி, உதை எட்டாத தூரத்தில் பின்னால் நடந்துகொண்டே 'நில்' என்று சொல்லிப் பழக்குங்கள். அது குரலுக்கே நிற்கும் வரை வண்டியைப் பூட்ட வேண்டாம்.