வாளித் தண்ணீரில் விழுந்தாலும் ஒரு கோடு

அண்ணனுக்கு வணக்கம்.

மகள் பி.எஸ்சி. விலங்கியல் முடித்திருக்கிறாள். ராமநாதபுரத்தில் மெடிக்கல் கோடிங் டெமோ வகுப்புக்குப் போய்விட்டு வந்து, "வாளித் தண்ணீரில் விழுந்தால் அதற்கும் ஒரு நம்பராம்" என்று சிரித்திருக்கிறாள். இதை நம்பிப் பணம் கட்டலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். தடைக்காலத்தில் படகு கரையில் நிற்கும்போது கேட்கிறீர்கள், அதனால் நேராகவே சொல்கிறேன். இப்போதைக்குக் கட்ட வேண்டாம். அவளுக்கு இந்த வேலை ஒத்துவருமா என்று முதலில் வீட்டிலேயே பார்த்துவிடலாம்.

பேரில் கோடிங் இருந்தாலும் இது புரோகிராம் எழுதுகிற வேலை இல்லை. பெரும்பாலும் அமெரிக்க மருத்துவமனைகளின் குறிப்புகளைப் படித்து, நோய்க்கும் காயத்துக்கும் சிகிச்சைக்கும் உரிய குறியீடுகளை, அதாவது 'கோடு'களைப் (code) போட வேண்டும். அதை வைத்துத்தான் இன்சூரன்ஸ் பணம் தரும். நோய்க்கும் காயத்துக்கும் அங்கே 2015 அக்டோபர் முதல் ஐசிடி-10-சிஎம் பட்டியல்தான். வாளியில் விழுவது அதில் டபிள்யூ16.22. மூழ்கினால் கடைசியில் 1, வேறு காயம் என்றால் 2. சிரிக்க ஒன்றுமில்லை. தத்தி நடக்கிற குழந்தை தலைகுப்புற வாளிக்குள் விழுந்தால் தானாக எழ முடியாது. குடத்திலும் டிரம்மிலும் தண்ணீர் பிடித்து வைக்கிற நம் மண்டபம், தங்கச்சிமடம் வீடுகளில் இதை விளக்க வேண்டியதில்லை.

இனி சோதனை. மகளிடம் இந்தக் குறிப்பை ஆங்கிலத்தில் எழுதிக் கொடுங்கள்: "62 வயதுப் பெண். குளியலறையின் ஈரத் தரையில் வழுக்கி விழுந்தார். வலது மணிக்கட்டை ஒட்டி ரேடியஸ் எலும்பு முறிவு. கட்டுப் போடப்பட்டது." எந்த எலும்பு, எந்தப் பக்கம், எப்படி விழுந்தார், எங்கே விழுந்தார் என்று தனித்தனியாக எழுதச் சொல்லுங்கள்.

முறிவுதான் முதலில் வர வேண்டும், எஸ்52 வரிசையில். விழுந்த காரணம் ஒருபோதும் முதல் கோடாக வராது. சமதளத்தில் வழுக்கி விழுந்தால் டபிள்யூ01. ஷவருக்குள்ளோ காலித் தொட்டிக்குள்ளோ விழுந்தால் டபிள்யூ18.2. நீர் நிறைந்த குளியல் தொட்டி என்றால் டபிள்யூ16.21. கிணறு என்றால் டபிள்யூ17.0. எல்லாமே தண்ணீர்ப் பக்கத்து விழுதல்தான், ஆனால் ஒன்றுக்கு இன்னொன்றைப் போட்டால் தப்பு.

'எங்கே' என்ற கேள்வியில்தான் பலரும் மாட்டுவார்கள். தனி வீட்டுக் குளியலறைக்கு ஒய்92.012 என்று ஒரு கோடு உண்டு. ஆனால் குறிப்பில் குளியலறை என்றுதான் இருக்கிறது. சொந்த வீடா, விடுதியா, மருத்துவமனையா என்று இல்லை. "வீட்டுக் குளியலறை" என்று மகள் தானாகச் சேர்த்து எழுதினால் கவனியுங்கள். எழுதாததை ஊகிக்கிற பழக்கம் இந்த வேலைக்கு ஆகாது. "வீடா என்று சொல்லவில்லையே" என்று அவளே கேட்டால், அண்ணே, பாதிக் கிணறு தாண்டியாயிற்று.

பயிற்சி மையத்தையும் ஒரு கேள்வி கேட்டுப் பாருங்கள். காயக் கோடுகளின் ஏழாவது இடத்தில் வரும் ஏ என்றால் என்ன? "முதல் தடவை வருவது" என்று சொன்னால் யோசியுங்கள். காயத்துக்கு நேரடிச் சிகிச்சை நடக்கும்வரை ஏ, எத்தனை டாக்டர் மாறினாலும். ஆறிவரும்போது பார்க்கப் போனால் டி, பின்விளைவுக்கு எஸ். அப்புறம், எந்த வருடப் புத்தகம் வைத்திருக்கிறார்கள் என்றும் பாருங்கள். பட்டியல் ஒவ்வொரு அக்டோபர் 1-ம் தேதியும் மாறுகிறது, பழைய ஜெராக்ஸ் உதவாது.

விழுந்த காரணக் கோடுகள் இந்த வேலையில் சின்னப் பகுதிதான். அமெரிக்காவிலேயே நாடு முழுவதற்கும் அவை கட்டாயமில்லை. தினமும் பார்ப்பது சர்க்கரை, ரத்த அழுத்தம், ஸ்கேன், அவசரப் பிரிவுச் சீட்டுகள்தான். எண்ணிக்கை இலக்கும் இருக்கும், பெரும்பாலும் 95 விழுக்காடு துல்லியமும் கேட்பார்கள். எளிய குறிப்புகளை மென்பொருளே முடித்துவிடுவதும் வந்துவிட்டது. சந்தேகமான குறிப்பும் தணிக்கையும்தான் மனிதர் கைக்கு அதிகம் வரும்.

சிபிசி என்ற மெடிக்கல் கோடிங் சான்றிதழ் இல்லாவிட்டால் வேலையே இல்லை என்று மையத்தில் பயமுறுத்துவார்கள். அப்படியில்லை. உயிரியல், நர்சிங், பார்மசி படித்த புதியவர்களைத் தாங்களே பயிற்சி கொடுத்து எடுக்கிற நிறுவனங்கள் உண்டு. அங்கே முதலில் முயன்று பார்க்கட்டும். வேலை கிடைத்தால், சம்பளம் வாங்கிக்கொண்டே சிபிசி தேர்வு எழுதலாம். 4 மணி நேரத்தில் 100 கேள்வி, கோடுப் புத்தகத்தைப் பார்த்து எழுதலாம், 70 விழுக்காடு எடுத்தால் பாஸ்.

வேலை பெரும்பாலும் சென்னை, கோவை, திருச்சியில்தான், அதனால் ஹாஸ்டல் செலவையும் இப்போதே கணக்கில் வையுங்கள். இரவு வேலையா என்ற உங்கள் பயத்துக்குப் பதில்: கோடிங் பெரும்பாலும் பகலில்தான். அமெரிக்காவுக்கு போன் போட்டு இன்சூரன்ஸ் பாக்கி கேட்கிற ஏஆர் காலிங்தான் இரவு வேலை. சில மையங்கள் கோடிங் என்று சேர்த்து அதற்கு அனுப்பிவிடுகின்றன. ஆஃபர் கடிதம் வந்தால் பதவியின் பெயரைப் படித்துவிட்டுக் கையெழுத்துப் போடச் சொல்லுங்கள்.