பதவி பதிவறை எழுத்தர், வேலை இளநிலை உதவியாளர்: வழக்குப் போடலாமா?

கேள்வி: தண்டையார்பேட்டையில் வசிக்கிறேன். கணவர் இறந்தபின் கருணை அடிப்படையில் மாநில அரசு அலுவலகத்தில் அலுவலக உதவியாளராகச் சேர்ந்தேன்; 2016-ல் பதிவறை எழுத்தரானேன். 2018 முதல் இளநிலை உதவியாளர் இருக்கையைத்தான் பார்க்கிறேன். பக்கத்து இருக்கைத் தம்பிக்கும் எனக்கும் ஒரே வேலை, சம்பளம் மட்டும் வேறு. ‘சம வேலைக்குச் சம ஊதியம்’ கேட்டு கோர்ட்டுக்குப் போக முடியுமா?

பதில்: போகலாம் அம்மா. ஆனால் அந்த ஒரு வரியை மட்டும் நம்பிப் போகாதீர்கள்.

சம்பளம் வேறு என்று நீங்கள் சொல்வது சரிதான். 2017 ஊதியத் திருத்தத்தில் பதிவறை எழுத்தருக்குத் தொடக்கம் 15,900 ரூபாய், இளநிலை உதவியாளருக்கு 19,500. அடிப்படையிலேயே 3,600 குறைவு, அகவிலைப்படியிலும் அந்த அடி விழும்.

சங்கத்துக்காரர்கள் 1982-ல் வந்த ரந்தீர் சிங் தீர்ப்பைக் காட்டுவார்கள். டெல்லி போலீஸ் டிரைவர் ஒருவர் மற்ற அரசு டிரைவர்களுக்கு இணையான சம்பளம் கேட்டு உச்ச நீதிமன்றத்தில் வென்ற வழக்கு. நல்ல தீர்ப்பு. ஆனால் அதற்குப் பிறகு கோர்ட் கையை இறுக்கிக்கொண்டது. எந்தப் பதவிக்கு எந்த ஊதிய நிலை என்று எடை போடுவது ஊதியக்குழு போன்ற நிபுணர்களின் வேலை என்கிறது. கல்வித் தகுதி, தேர்வு முறை, பொறுப்பின் கனம் இவற்றில் ஒன்று வேறுபட்டாலும் சம்பளம் வேறுபடலாம் என்கிறது. பக்கத்து இருக்கைத் தம்பி குரூப் 4 எழுதி வந்தவர் என்றால், அரசு வக்கீல் எழுந்ததும் முதலில் சொல்வது அதைத்தான். வேலை சமம் என்று நிரூபிக்க வேண்டியதும் நீங்கள்தான். தற்காலிகப் பணியாளர்களுக்குச் சாதகமாக வந்த 2016 ஜக்ஜித் சிங் தீர்ப்பே அப்படித்தான் சொல்கிறது.

உங்களுக்குக் கைகொடுக்கக்கூடியது வேறு வாதம். ‘என் பதவியும் அந்தப் பதவியும் சமம்’ என்று கேட்காமல், ‘மேல்பதவி வேலையை நீங்களே என்னிடம் ஒப்படைத்தீர்கள், அந்த நாட்களுக்கு அந்தப் பதவியின் சம்பளத்தைக் கொடுங்கள்’ என்று கேட்பது. சண்டிகரில் தற்காலிக ஏற்பாடாக மேல்பதவியில் உட்காரவைக்கப்பட்ட ஊழியருக்கு 1998-ல் உச்ச நீதிமன்றம் அந்தச் சம்பளத்தைக் கொடுக்கச் சொன்னது. ‘கூடுதல் சம்பளம் கேட்க மாட்டேன்’ என்று எழுதிக்கொடுத்திருந்தாலும் அது செல்லாது என்றது. உங்களிடமும் அப்படி ஏதாவது எழுதி வாங்கியிருந்தால் பயப்பட வேண்டாம்.

சரி, ஒப்படைத்தார்கள் என்பதற்கு என்ன சாட்சி? முதலில் பணிப்பங்கீட்டு ஆணை. அதில் அந்த இருக்கைக்கு நேராக உங்கள் பெயர் இருந்தால் பாதிக் கிணறு தாண்டியாயிற்று. அப்புறம் தன்பதிவேடு, அதாவது ஒரு இருக்கைக்கு வரும் தபால்களையும் அவற்றின் மேல் எடுத்த நடவடிக்கையையும் பதியும் ஏடு. அதை எழுதுவது உங்கள் கை, சரி. அட்டையில் யார் பெயர்? கண்காணிப்பாளர் பார்த்துக் கையெழுத்திடும் இடத்தில் விளக்கம் கேட்டிருந்தால் யாரைக் கேட்டிருக்கிறார்? பல அலுவலகங்களில் நடப்பது இதுதான்: குறிப்பை எழுத்தர் எழுதுவார், அடியில் சுருக்கொப்பம் (இனிஷியல்) இளநிலை உதவியாளருடையது. அப்படியிருந்தால் கோர்ட்டின் கண்ணில் அது அவர் செய்த வேலை. இந்த ஒரு சுருக்கொப்பத்தில் தோற்றவர்கள் தம்பு செட்டித் தெருவில் என் வக்கீல் அறைப் படியேறி வந்திருக்கிறார்கள்.

வாய்மொழி உத்தரவு மட்டும்தான் என்றால் வழக்கு பலவீனம். அதை மறைத்துச் சொல்ல எனக்கு மனமில்லை.

பதிவேட்டை வீட்டுக்கு எடுத்துப் போவதோ, செல்போனில் படம் பிடிப்பதோ வேண்டாம். அப்படிச் செய்த ஒருவருக்கு 17(பி) குறிப்பாணை (கடும் தண்டனைக்கான ஒழுங்கு நடவடிக்கைக் குற்றச்சாட்டு) வந்து, சம்பள வழக்கை விட்டுவிட்டு அதற்குப் பதில் எழுதிக்கொண்டிருந்தார். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். வெள்ளைத்தாளில் தமிழில் எழுதி 10 ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்பு ஒட்டினால் போதும். 30 நாளில் பதில் தர வேண்டும். 2018 முதலான பணிப்பங்கீட்டு ஆணைகளின் நகல், உங்கள் இருக்கைத் தன்பதிவேட்டின் நகல் என்று குறிப்பிட்டே கேளுங்கள்.

நகல் வந்ததும் துறைத் தலைவருக்கு முறைப்படி ஒரு விண்ணப்பம், ஒப்புகை அட்டையோடு. பதில் வராவிட்டால் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. மாநில அரசு ஊழியருக்கு இங்கே தனித் தீர்ப்பாயம் இப்போது இல்லை. மத்திய அரசு ஊழியர்களுக்குத்தான் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். விண்ணப்பத்தின் மேல் விண்ணப்பம் போட்டுக்கொண்டு வருஷங்களை ஓட்டாதீர்கள். சம்பளக் குறைவு மாதாமாதம் தொடரும் பாதிப்பு என்று ஏற்றுக்கொண்டாலும், நிலுவை பொதுவாக மனு போட்ட நாளுக்கு முந்தைய 3 ஆண்டுகளுக்குத்தான். 2018-லிருந்து முழுப் பணமும் வரும் என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம்.

இன்னொன்று. நீங்கள் பத்தாம் வகுப்புத் தேறியவரா என்று எழுதவில்லை. தேறியிருந்தால், பணிமாறுதல் மூலம் (கீழ்ப்பதவியில் இருப்பவரை மேல்பதவிக்கு எடுக்கும் முறை) இளநிலை உதவியாளர் ஆவதற்கான பட்டியலில் உங்கள் பெயர் இருக்கிறதா என்றும் அதே விண்ணப்பத்தில் கேட்டுவிடுங்கள். உங்களுக்குப் பின்னால் உள்ளவர் பெயர் அதில் இருந்து உங்கள் பெயர் விடுபட்டிருந்தால், சம்பள வழக்கைவிட அது வலுவான வழக்கு.