கோணங்கி என்று சொல்லிவிட்டால் ஆயிற்றா?

கேள்வி: அமெரிக்க நடிகை லூசில் பாலை 'மேதை' என்று சென்ற இதழில் எழுதியிருந்தீர்கள். முகத்தைக் கோணிக்கொண்டு, விழுந்து புரண்டு சிரிக்க வைத்தவர், அவ்வளவுதானே? தொழில் மூளை முழுவதும் கணவர் டெசி அர்னாஸுடையது என்று படித்திருக்கிறேன். இது மிகையில்லையா?
(வாசகர் ஒருவர், திருச்சி)

பதில்: மிகையில்லை. இன்னும் அழுத்தி எழுதியிருக்கலாம் என்றே நினைக்கிறேன்.

அந்த 'அவ்வளவுதானே'யில் இருந்து தொடங்குகிறேன். லூசில் நடித்த 'ஐ லவ் லூசி' தொலைக்காட்சித் தொடரில் சாக்லேட் தொழிற்சாலைக் காட்சி ஒன்று வருகிறது. 1952இல் ஒளிபரப்பானது. வீட்டில் கணவன் மனைவிக்குள் யார் வேலை கடினம் என்று தகராறு. லூசிலும் தோழியாக வருபவரும் சம்பாதிக்கக் கிளம்பிவிடுகிறார்கள். ஓடும் பட்டையில் வரும் சாக்லேட்டுகளை ஒவ்வொன்றாகத் தாளில் சுற்ற வேண்டும். ஒன்று தவறினாலும் வேலை போய்விடும் என்று மேற்பார்வையாளர் மிரட்டிவிட்டுப் போகிறார்.

லூசிலின் கைகளைக் கவனியுங்கள். முதல் சில சாக்லேட்டுகளை அவர் ஒழுங்காகத்தான் சுற்றுகிறார், வேலையைக் கற்றுக்கொண்டுவிட்ட ஒரு பெண்ணின் கவனத்தோடு. பட்டை வேகம் பிடிக்கிறது. தவறியவற்றை வாயில் அடைக்கிறார், தொப்பிக்குள் திணிக்கிறார், சட்டைக்குள் போட்டுக்கொள்கிறார். மேற்பார்வையாளர் திரும்பி வந்து, பட்டை காலியாக இருப்பதைப் பார்த்து மகிழ்ந்துபோய், இன்னும் வேகமாக ஓட்டச் சொல்கிறார்! அந்த நேரத்தில் லூசில் முகத்தில் தெரிவது கோணங்கித்தனமா? வேலையை இழந்துவிடக் கூடாது என்ற பயம். வாய் நிறைய சாக்லேட். கண்களில் மட்டும் அந்தப் பயம். அவர் சிரிப்புக்காக எதையும் செய்வதில்லை. வேலைக்காகச் செய்கிறார், நமக்குச் சிரிப்பு வருகிறது. கோமாளிக்கும் நடிகைக்கும் உள்ள தூரம் இதுதான். சிரிப்பு நடிகர்களை இரண்டாம் வரிசையில் உட்கார வைக்கும் பழக்கம் நம்மிடமும் இருப்பதால், இது நம் கண்ணில் படுவதில்லை.

இந்த லாவகம் ஒரே நாளில் வந்ததுமில்லை. 1911இல் நியூயார்க் மாநிலத்தின் ஜேம்ஸ்டவுனில் பிறந்தவர். மூன்று வயதில் தந்தை டைபாய்டில் போய்விட்டார். பதின்ம வயதில் நியூயார்க் நாடகப் பள்ளியில் சேர்ந்தார். அங்கே பளிச்சென்று தெரிந்த மாணவி, பின்னாளில் பெரிய நடிகையான பெட் டேவிஸ். லூசிலை, தேறமாட்டார் என்று வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். பிறகு ஆடை நிறுவனத்தில் மாடல். 1933இல் ஹாலிவுட்டில் கூட்டத்தோடு நிற்கும் நடனப் பெண்களில் ஒருவர். அதன்பின் ஏராளமான சிறு படங்கள். 'பி படங்களின்', அதாவது குறைந்த செலவில் எடுக்கும் படங்களின், 'ராணி' என்று பெயர் கிடைத்ததே தவிர, நாயகியாக நிலைக்கவில்லை. 1951 அக்டோபரில் 'ஐ லவ் லூசி' தொடங்கியபோது அவருக்கு நாற்பது வயது. நாயகிகளை வீட்டுக்கு அனுப்பும் வயது அது.

இனி உங்கள் இரண்டாவது குற்றச்சாட்டு. டெசிக்கு உரிய பெருமையைக் குறைக்க எனக்கு விருப்பமில்லை. அன்று பெரும்பாலான நிகழ்ச்சிகள் நியூயார்க்கிலிருந்து நேரடியாக ஒளிபரப்பாயின. மற்ற ஊர்களுக்கு, தொலைக்காட்சித் திரையைக் கேமராவால் படம்பிடித்த மங்கலான பிரதிதான் போகும். லூசில் தம்பதியோ லாஸ் ஏஞ்சலஸை விட்டு நகர மாட்டோம் என்றார்கள். பார்வையாளர்களை எதிரில் உட்கார வைத்து, மூன்று கேமராக்களால் 35 மி.மீ. ஃபிலிமில் பிடிக்கும் வழியை முன்னின்று நடத்தியவர் டெசி. ஒளிப்பதிவுக்குக் கார்ல் ஃபிராய்ண்டை அழைத்து வந்தார்கள். ஜெர்மனியில் 'மெட்ரோபோலிஸ்' படத்தில் பணிபுரிந்த அதே மேதை. ஃபிலிமுக்கு ஆகும் கூடுதல் செலவுக்காகத் தம்பதி வாரத்துக்கு 1,000 டாலர் சம்பளத்தை விட்டுக்கொடுத்து, நெகட்டிவ் எனும் மூலப் படச்சுருளின் உரிமையைத் தங்களுக்கு எழுதி வாங்கினார்கள். மறுஒளிபரப்பு என்ற வியாபாரம் பிறக்காத காலம், தொடரை ஒளிபரப்பிய சி.பி.எஸ். நிறுவனத்துக்கு அந்த உரிமையின் மதிப்பு தெரியவில்லை. இதில் டெசியின் கூர்மை நிச்சயமாக உண்டு.

ஆனால் அந்த டெசியை அந்தத் தொடருக்குள் கொண்டுவந்தது யார்? வானொலியில் லூசில் நடித்துக்கொண்டிருந்த குடும்பத் தொடரைத் தொலைக்காட்சிக்கு மாற்றத்தான் சி.பி.எஸ். கேட்டது. கணவனாக என் கணவரே நடித்தால்தான் வருவேன் என்றார் லூசில். கியூபாக்காரர், உச்சரிப்பு வேறு, இவரை அமெரிக்கப் பெண்ணின் கணவன் என்று யார் ஒப்புக்கொள்வார்கள் என்று தயங்கினார்கள். லூசிலுக்கோ உண்மையிலேயே டெசிதான் கணவர். இசைக்குழுவோடு ஊர் ஊராகப் போய்க்கொண்டிருந்தவரை வீட்டோடு வைத்திருக்க வேண்டிய கவலையும் இருந்தது. 1950 கோடையில் இருவரும் மேடை நிகழ்ச்சி தயாரித்துப் பல ஊர்களில் நடத்திக் காட்டினார்கள். மக்கள் ரசித்தார்கள், நிறுவனம் இறங்கி வந்தது. நீங்கள் சொல்லும் அந்தத் 'தொழில் மூளை'க்கு நாற்காலி கிடைத்தது மனைவியின் பிடிவாதத்தால்.

1952இல் லூசில் கர்ப்பமானார். திரையில் வயிற்றைக் காட்டக் கூடாது என்று விளம்பரதாரர் தரப்பு முகம் சுளித்தது. மறைக்கவில்லை, கதையிலேயே சேர்த்தார்கள். 1953 ஜனவரி 19 அன்று கதையில் குழந்தை பிறந்தது, அதே நாளில் மருத்துவமனையில் நிஜமாகவும் பிறந்தது. அந்த அத்தியாயத்தைச் சுமார் 4 கோடியே 40 லட்சம் பேர் பார்த்தார்கள். மறுநாள் அமெரிக்க அதிபராக ஐசனோவர் பதவியேற்றதைப் பார்த்தவர்கள் இதைவிடக் குறைவு.

எழுத்தாளர்களை மறந்துவிடக் கூடாது. லூசிலே ஒருபோதும் மறந்ததில்லை. மேட்லின் பியூ என்ற எழுத்தாளர், தாம் எழுதும் உடல் சாகசங்களை முதலில் தாமே செய்து பார்ப்பார், ஒரு பெண்ணால் முடிகிறதா என்று. பிறகு லூசில் அதைத் திரும்பத் திரும்ப ஒத்திகை பார்ப்பார். சாமான்களோடு செய்யும் எதையும் கை பழகும்வரை விடமாட்டார்.

பின்னாளைய தொடர்கள் முதல் தொடரின் தரத்தைத் தொடவில்லை. அதையும் சொல்லிவிடுகிறேன்.

கணவர் இல்லாத காலக் கணக்கையும் பார்த்துவிடுங்கள். 1960இல் விவாகரத்து. 1962இல், இருவருக்கும் சொந்தமான 'டெசிலூ' ஸ்டூடியோவில் டெசியின் பங்கை லூசில் விலைக்கு வாங்கி, அதன் தலைவரானார். அமெரிக்காவில் பெரிய தொலைக்காட்சித் தயாரிப்பு நிறுவனம் ஒன்றின் தலைமையில் அமர்ந்த முதல் பெண். 'ஸ்டார் டிரெக்', 'மிஷன் இம்பாஸிபிள்' தொடர்கள் இரண்டும் 1966இல் அங்கிருந்துதான் வெளிவந்தன. செலவு தாங்காது என்று உள்ளேயே முணுமுணுப்பு எழுந்தபோதும் அவர் கைவிடவில்லை. 1967இல் நிறுவனத்தை 1 கோடியே 70 லட்சம் டாலருக்கு விற்றார். டெசி விலகிப் போய் ஐந்து ஆண்டுகள் ஆகியிருந்தன. இதை யார் மூளையின் கணக்கில் எழுதப் போகிறீர்கள், திருச்சி வாசகரே?