பேர் ஒருத்தர், பார் ஒருத்தர்

வாசகர் கேள்விகள்: சட்டமும் கணக்கும்

இந்த இதழுக்கு வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் பார் எடுத்து நொடித்துப்போனவர்களுடையது. எல்லாம் ஈரோடு, நாமக்கல், திருப்பூர், கோவைப் பக்கம். ஐந்தை மட்டும் இங்கே எடுத்துக்கொள்கிறோம்.

கேள்வி: ஐயா, வணக்கமுங்க. டாஸ்மாக் கடையை ஒட்டின பாரை எங்க மச்சான் பேர்ல டெண்டர் எடுத்தோமுங்க. போட்ட 14 லட்சமும் என்னோடது. லாபத்துல எனக்கு 60, அவருக்கு 40-ன்னு 100 ரூபாய் பத்திரத்துல எழுதி நோட்டரி கையெழுத்தும் வாங்கியிருக்குதுங்க. ஒன்றரை வருசம் ஓடுச்சு, அப்புறம் உரிமம் ரத்தாயிருச்சு. இப்ப "உனக்கு நான் ஒண்ணும் தரவேண்டியதில்லை"ங்கறார். கேஸ் போட்டா பணம் வருமுங்களா? (பெருந்துறை வாசகர்)

பதில்: அந்தப் பத்திரத்தை மட்டும் கையில் வைத்துக்கொண்டு போனால் வராது. சொல்லப்போனால் அது உங்களுக்கு எதிரான சாட்சி.

கள், சாராய உரிமம் ஒருவர் பேரில் இருக்க, இன்னொருவரைக் கூட்டுச் சேர்த்துக்கொண்டு அந்த வியாபாரத்தை நடத்தினால் அந்தக் கூட்டு ஆரம்பத்திலிருந்தே செல்லாது என்று சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு 1950-லேயே வேலு படையாச்சி வழக்கில் சொல்லிவிட்டது. உரிமம் வாங்குவதற்கு முன்னால் எழுதினாலும் பின்னால் எழுதினாலும் ஒன்றுதான். 1872-ம் வருட ஒப்பந்தச் சட்டத்தின் 23-வது பிரிவும் இதையேதான் சொல்கிறது: சட்டத்தை மீறும் நோக்கத்தில் எழுதிய ஒப்பந்தத்தை நீதிமன்றம் கையால் தொடாது. "பாரில் சரக்கா விற்கிறோம், தின்பண்டமும் காலி பாட்டிலும்தானே" என்று உங்கள் வக்கீல் வாதாடலாம். கொஞ்சம் இடமுண்டு. ஆனால் அந்த பார் நடப்பதும் மதுவிலக்குச் சட்டத்தின் கீழ் வந்த 2003-ம் வருட விதிகளின்படிதான். உள்குத்தகை கூடாது என்று உங்கள் டெண்டர் நிபந்தனையில் ஒரு வரி இருந்துவிட்டால் அந்த வாதம் அங்கேயே படுத்துவிடும். நிபந்தனைத் தாளை முதலில் எடுத்துப் படியுங்கள்.

அப்படியானால் மீட்க எதுவுமே இல்லையா? இரண்டு வழி பார்க்கலாம். ஒன்று, கைமாற்று. 14 லட்சத்தில் எவ்வளவு வங்கி வழியாக மச்சான் கணக்குக்குப் போனது, அதற்குத் தனியாகப் புரோநோட் இருக்கிறதா? இருந்தால் கூட்டுத் தொழில் என்ற பேச்சையே எடுக்காமல், கொடுத்த கடன் என்று வழக்குப் போட வாய்ப்பு உண்டு. எழுதிய தேதியிலிருந்து மூன்று வருடத்துக்குள் போட வேண்டும். நடுவில் அவர் ஏதாவது திருப்பிக் கொடுத்து, நோட்டின் பின்பக்கம் வரவு எழுதிக் கையெழுத்துப் போட்டிருந்தால் மூன்று வருடம் அந்தத் தேதியிலிருந்து புதிதாகத் தொடங்கும். மூன்று வருடம் கழிந்தபின் வாங்கிய வரவுக் கையெழுத்துக்கு இந்தப் பலன் இல்லை. கூட்டுப் பத்திரத்திலும் புரோநோட்டிலும் ஒரே தேதி, ஒரே தொகை இருந்தால் எதிர்த்தரப்பு இரண்டையும் சேர்த்துக் காட்டும். அதற்கும் தயாராக இருங்கள்.

இன்னொன்று, சாமான். ஃப்ரீசர், கேஸ் அடுப்பு, மேஜை, நாற்காலி, சிசிடிவி எல்லாம் உங்கள் பேர் பில்லில் வாங்கியிருந்தால் அது உங்கள் சொத்து. பில்லில் உள்ள சீரியல் நம்பரை ஃப்ரீசரின் பின்பக்கத் தகட்டோடு ஒத்துப் பார்த்துப் படம் எடுத்து வைத்துக்கொண்டு, திருப்பித் தரச் சொல்லி வக்கீல் நோட்டீஸ் விடுங்கள்.

கறிக்கடை, முட்டைக்கடை, சோடா கம்பெனி பாக்கி வேறு கதை. சாமான் கேட்டு போன் போட்டது நீங்கள் என்றால் அவர்கள் உங்களைத்தான் தேடி வருவார்கள்.

கேள்வி: நான் திருச்செங்கோட்டில் ஒரு கல்யாணத்தில் இருந்தபோது, என் பாரில் வேலை செய்யும் பையன் காலை எட்டு மணிக்குக் குவார்ட்டர் விற்றான் என்று போலீஸ் வழக்குப் போட்டு, என்னை இரண்டாவது எதிரியாகச் சேர்த்துவிட்டார்கள். "அபராதம் கட்டிட்டு வந்துருங்க, பெரிய விசயமில்லை" என்கிறார்கள். கட்டிவிடலாமா? (ராசிபுரம் வாசகர்)

பதில்: கட்டாதீர்கள். கோர்ட்டில் அபராதம் கட்டுவது என்றால் குற்றத்தை ஒப்புக்கொண்டு தண்டனை வாங்குவது. அந்தத் தீர்ப்பு நகலை வைத்தே பார் உரிமத்தை ரத்து செய்ய முடியும், அடுத்த டெண்டரில் தள்ளிவிடவும் முடியும். இரண்டாயிரத்தோடு போச்சு என்று நினைத்துப் பிழைப்பையே கொடுத்தவர்கள் நிறையப் பேர்.

கடை நேரம் பகல் 12 முதல் இரவு 10 வரை. அதற்கு முன்னும் பின்னும், காந்தி ஜெயந்தி, வள்ளலார் நினைவு நாள் போலக் கடை மூடும் நாட்களிலும் நடப்பதைத்தான் உங்கள் பக்கம் சந்துக்கடை என்கிறார்கள். பார்காரர்கள் பலர் கோட்டைவிடும் இடம் வேறு ஒன்று இருக்கிறது. பார் எடுத்தவருக்குப் பகல் இரண்டு மணிக்கும் சரக்கு விற்க உரிமை இல்லை. வாடிக்கையாளர் கடையில் வாங்கி வருவார், நீங்கள் உட்கார இடமும் சுண்டலும் கொடுக்கிறீர்கள், அவ்வளவுதான். "கடைல கூட்டம், நானே வாங்கியாந்து தர்றேன், இருபது ரூபா சேர்த்துக் குடுங்க" என்று பையன் சொன்னால் அதுவே விற்பனை. பாட்டில் அடியில் மிஞ்சும் சரக்கை ஒன்றாக ஊற்றி வைப்பது இதைவிட ஆபத்து. 2024 ஜூனில் கள்ளக்குறிச்சியில் நடந்ததற்குப் பிறகு மதுவிலக்குச் சட்டத்தில் தண்டனைகளைக் கடுமையாக்கியிருக்கிறார்கள். சீல் இல்லாத, அரைகுறையாக நிரம்பிய பாட்டில் சோதனையில் சிக்கினால் பதில் சொல்லி மாளாது. இதே மாதிரி வழக்குகள் அடுக்கிக்கொண்டே போனால் 1982-ம் வருட 14-ம் எண் சட்டம், அதாவது குண்டர் சட்டம், வரைக்கும் பேச்சு போகும்.

இப்போது செய்ய வேண்டியது: முதல் தகவல் அறிக்கை, மகஜர் (பிடித்த பொருளுக்குப் போலீஸ் எழுதும் பட்டியல்) இரண்டின் நகலையும் வாங்குங்கள். எத்தனை பாட்டில், என்ன பேட்ச் நம்பர், பிடித்த இடம் பாருக்கு உள்ளேயா, பின்பக்கச் சந்திலா, சாட்சிக் கையெழுத்துப் போட்டது உள்ளூர் ஆளா என்று பாருங்கள். உங்கள் தரப்புக்கு மிகவும் உதவக்கூடியது சிசிடிவி. பெரும்பாலான டிவிஆர் பெட்டிகள் சில வாரத்தில் பழைய பதிவின் மேலேயே புதிதை எழுதிவிடும். ஆகவே இன்றைக்கே ஹார்ட் டிஸ்கில் எடுத்து, 2023-ம் வருட சாட்சியச் சட்டத்தின் 63-வது பிரிவு கேட்கும் சான்றிதழோடு வையுங்கள். சான்றிதழ் இல்லாத பென்டிரைவைக் கோர்ட்டு ஏற்காது. கல்யாணத்தில் இருந்ததற்கு மொய் நோட்டை விட டோல்கேட் ரசீதும் வீடியோவும் நன்றாகப் பேசும்.

வழக்கு ஒரு பக்கம் ஓடும்போதே டாஸ்மாக் மாவட்ட மேலாளர் அலுவலகத்திலிருந்து விளக்கம் கேட்டு நோட்டீஸ் வரும். "கோர்ட்ல பாத்துக்கறோம்" என்று அதைப் பீரோவில் போட்டுவிடுவதுதான் பெரிய தப்பு. அதற்குக் கெடு தனி, பதில் தனி. பதில் போகாவிட்டால் வழக்கில் விடுதலை ஆகிற நேரத்தில் பார் வேறொருவர் கையில் இருக்கும்.

கேள்வி: பொள்ளாச்சிப் பக்கம் ஒரு பார் ஏலத்துக்கு வருகிறது. கூட்டம் நன்றாக இருக்கிறது. எடுக்கலாமா? (கிணத்துக்கடவு வாசகர்)

பதில்: கூட்டத்தைப் பார்த்து எடுக்காதீர்கள். கூட்டம் கடைக்கு வருகிறது, பாருக்கு அல்ல. கடை போனால் பாரும் போகும். நெடுஞ்சாலையிலிருந்து 500 மீட்டருக்குள் மதுக்கடை கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2016 டிசம்பர் 15-ல் சொன்னது. 20,000 பேருக்கு மேல் இல்லாத ஊர்களுக்கு மட்டும் அதைப் பிறகு 220 மீட்டர் ஆக்கினார்கள். 2017 ஏப்ரல் 1 காலையில் தமிழ்நாட்டில் 3,000-க்கு மேற்பட்ட கடைகள் திறக்கவில்லை. அதே மாதம் திருப்பூர் பக்கம் சாமளாபுரத்தில் மதுக்கடைக்கு எதிராகப் பெண்கள் நடத்திய போராட்டம் உங்களுக்கு நினைவிருக்கும். 2023 ஜூன் 22-ல் இன்னொரு 500 கடைகள் மூடப்பட்டன. ஒவ்வொரு முறையும் பக்கத்துப் பாரில் போட்ட கான்கிரீட்டும் டைல்ஸும் கட்டட உரிமையாளருக்குத்தான் மிச்சம்.

காலி பாட்டிலை நம்பியும் கணக்குப் போடாதீர்கள். ஒரு உதாரணத்துக்கு, நாளைக்கு 600 பாட்டில், ஒன்றுக்கு ஒரு ரூபாய் என்றால் மாதம் 18,000. அதாவது ஒரு மாஸ்டர் சம்பளம். பாட்டிலுக்குப் 10 ரூபாய் கூடுதலாக வாங்கிக்கொண்டு காலியைக் கொண்டுவந்தால் திருப்பித் தரும் முறை 2022-ல் நீலகிரியில் தொடங்கி, பிறகு கோவைக்கும் வந்துவிட்டது. பத்து ரூபாய்ப் பாட்டிலை மேஜையிலேயே விட்டுப்போக எவன் வருவான்? மிஞ்சுவது குடல் வறுவலும் ஆம்லெட்டும்தான். அதை மட்டும் வைத்து மாதக் கிஸ்தி, வாடகை, கரண்ட், நாலு ஆள் சம்பளம் கட்ட முடிந்தால் எடுங்கள். எடுத்தால் ஷெட்டை நட்டு போல்ட்டில் போடுங்கள், வெல்டிங் வேண்டாம். "கடை இடம் மாறினால் அந்த மாதத்தோடு வாடகை முடியும்" என்று வாடகை ஒப்பந்தத்தில் எழுதி வாங்குங்கள். உணவுப் பாதுகாப்புச் சான்று எடுத்த பிறகே அடுப்பைப் பற்றவையுங்கள். பிளாஸ்டிக் டம்ளரும் வாட்டர் பாக்கெட்டும் 2019 ஜனவரி 1 முதல் தடை. சோதனைக்கு வருகிறவர்கள் முதலில் குனிந்து பார்ப்பது மேஜைக்கு அடியில்தான்.

கேள்வி: பார் கிஸ்தி கட்ட ஃபைனான்ஸில் 5 லட்சம் வாங்கினேன். கையெழுத்து மட்டும் போட்ட ஐந்து செக் கொடுத்தேன். 3 லட்சத்துக்கு மேல் ஜிபேயில் திருப்பிக் கட்டியாகிவிட்டது. இப்போது ஒரு செக்கில் 9 லட்சம் நிரப்பிப் போட்டு, திரும்பிவிட்டது என்று நோட்டீஸ் வந்திருக்கிறது. வெற்றுச் செக் செல்லாதுதானே? (காங்கயம் வாசகர்)

பதில்: செல்லும். கையெழுத்து உங்களுடையது என்றால், தொகையை வேறொருவர் நிரப்பினாலும் கடனுக்குக் கொடுத்ததாகத்தான் கோர்ட் முதலில் எடுத்துக்கொள்ளும். பீர்சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2019-ல் சொன்னது இது. இல்லை என்று காட்டும் பாரம் உங்கள் தலையில். கணக்கை மூடிவிடலாம், ஸ்டாப் பேமென்ட் கொடுக்கலாம் என்று யாராவது யோசனை சொன்னால் கேட்காதீர்கள். அதுவும் செக் திரும்பினால் தண்டிக்கும் பிரிவான, மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138-வது பிரிவில்தான் வரும்.

நாள் கணக்கு முக்கியம். செக் திரும்பிய தகவல் கிடைத்த 30 நாளுக்குள் அவர் நோட்டீஸ் விட வேண்டும். உங்கள் கைக்கு வந்த நாளிலிருந்து உங்களுக்கு 15 நாள். அதன்பின் ஒரு மாதத்துக்குள் அவர் வழக்குப் போட வேண்டும். ஆகவே தபால் உறையைக் கிழித்துப் போடாதீர்கள், அதில் தேதி முத்திரை இருக்கிறது. 15 நாளுக்குள் பதில் நோட்டீஸ் போக வேண்டும். எது வாங்கியது, எது கட்டியது, எந்தத் தேதி என்று வங்கி ஸ்டேட்மென்டோடு எழுதுங்கள். செக் கொடுத்தபின் பாதிப் பணம் கட்டியிருந்து, அதை வரவு வைக்காமல் முழுத் தொகைக்குச் செக்கைப் போட்டால் 138 நிற்காது என்று 2022-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. உங்கள் ஜிபே பதிவுகள்தான் இங்கே உயிர். ரொக்கமாகக் கொடுத்து வட்டிச் சீட்டு வாங்காதவர்களுக்கு இந்த வசதி கிடையாது.

தண்டல், மீட்டர் வட்டி, கந்து வட்டி மூன்றையும் 2003-ம் வருட அதிக வட்டித் தடைச் சட்டம் தடுக்கிறது. மூன்று வருடம் வரை சிறை, 30,000 ரூபாய் வரை அபராதம். நியாயமாகத் தரவேண்டியதைக் கோர்ட்டில் கட்டிவிட்டுக் கணக்கை முடிக்கச் சொல்லி மனுப்போடவும் அதில் வழி இருக்கிறது. மீதி நாலு செக்கின் எண்களையும் பதில் நோட்டீஸிலேயே எழுதிவிடுங்கள்.

கேள்வி: 40 லட்சம் கடன். ஐ.பி. (நொடித்துப்போனதாகக் கோர்ட்டில் போடும் மனு) கொடுத்துவிடலாம் என்று இருக்கிறேன். ஏழு மாதத்துக்கு முன்பே வீட்டை மனைவி பேருக்குத் தான செட்டில்மெண்ட் எழுதிவிட்டேன். பிரச்சனை வராதல்லவா? (கோபி வாசகர்)

பதில்: வரும். 1920-ம் வருட நொடிப்புச் சட்டத்தின் 53-வது பிரிவுப்படி, மனுவுக்கு முந்தைய இரண்டு வருடத்துக்குள் பணம் வாங்காமல் எழுதிக்கொடுத்த சொத்தைக் கோர்ட் நியமிக்கும் ரிசீவர் திரும்ப இழுக்கலாம். பங்காளி ஒருவருக்கு மட்டும் முழுக் கடனையும் அடைத்து, மற்றவர்களை விட்டிருந்தால், மூன்று மாதத்துக்குள் நடந்தது என்றால் அதுவும் இப்படித்தான். ஐ.பி. கொடுத்ததாகக் கடன் கொடுத்தவர்களுக்கு மஞ்சள் நோட்டீஸ் அனுப்பியதோடு எல்லாம் தீர்ந்தது என்ற நம்பிக்கை ஊரில் இருக்கிறது. அரசுக்குக் கட்ட வேண்டிய பாக்கி தீராது, மோசடியால் வந்த கடன் தீராது, அடமானம் பிடித்த வங்கி தன் வழியில் போகும், செக் வழக்கும் பெரும்பாலும் தொடர்ந்து ஓடும். சிவில் கடனுக்கான கைதிலிருந்து பாதுகாப்புக் கேட்கலாம் என்பதுதான் கண்ணுக்குத் தெரியும் பயன்.

மனுப்போடும் முன் கடன் கொடுத்தவர்கள் பட்டியலை ஒருவர் விடாமல் எழுதுங்கள். கறிக்கடை பாக்கி 8,000 உட்பட. பட்டியலில் விட்டுப்போனவர்தான் முதல் ஆளாக ஆட்சேபம் போடுவார்.