சிறுநீரகத்துக்குள் வாயு: கேள்வி பதில்

சிறுநீரகத்தில் வாயுவை உண்டாக்கும் கிருமித்தொற்று பற்றிக் கேளுங்கள் என்று தெளிவாகத்தான் எழுதியிருந்தேன். வந்தவற்றில் பெரும்பகுதி ஏப்பம் பற்றியது. நான் இருபத்தைந்து ஆண்டுகளாகச் சிறுநீரியல் அறுவைப் பிரிவில் இருப்பவன். ஏப்பத்துக்கு என்னிடம் மருந்து இல்லை. மிச்சத்துக்குப் பதில் கீழே.

கரூர் வாசகி: என் மாமியாருக்குச் சிறுநீரகத்தில் காற்று இருப்பதாகச் சொல்லி ஐ.சி.யூ.வில் சேர்த்திருக்கிறார்கள். அங்கே காற்று எப்படிப் போகும்?

வெளியிலிருந்து போகவில்லை அம்மா, உள்ளேயே உண்டாகிறது. இட்லி மாவு ராத்திரியில் பொங்குகிறதே, கிட்டத்தட்ட அதே வேலைதான். பெரும்பாலும் ஈ.கோலை, அடுத்தபடியாக கிளெப்சியெல்லா. இந்தக் கிருமிகள் திசுவில் தேங்கிய சர்க்கரையைப் புளிக்க வைத்து கரியமில வாயுவையும் ஹைட்ரஜனையும் வெளியிடுகின்றன. நல்ல ரத்த ஓட்டம் இருந்தால் அந்த வாயு கரைந்து போய்விடும். நெடுநாள் சர்க்கரை நோயில் சிறு ரத்தக்குழாய்கள் கெட்டிருக்கும். வாயு அங்கேயே தங்கிப் பெருகி, இருக்கிற கொஞ்ச ரத்த ஓட்டத்தையும் நெரிக்கும். நோயாளிகளில் நூற்றுக்குத் தொண்ணூறுக்கு மேல் சர்க்கரை உள்ளவர்கள், ஆண்களைவிடப் பெண்கள் அதிகம், வலதைவிட இடது சிறுநீரகம் அதிகம். சர்க்கரை இல்லாதவருக்கு வந்தால் பெரும்பாலும் கல்லோ வேறு அடைப்போ இருக்கும்.

நோயின் பெயர் எம்பிசிமேட்டஸ் பைலோநெஃப்ரைடிஸ். உங்கள் மாமியாரின் மருத்துவரிடம் இரண்டு கேள்வி கேளுங்கள்: ரத்தத் தட்டணு (பிளேட்லெட்) எவ்வளவு, ரத்த அழுத்தம் மருந்தின் உதவி இல்லாமல் நிற்கிறதா. அவர் எங்கே நிற்கிறார் என்பதை அந்த இரண்டும் சொல்லிவிடும்.

தஞ்சாவூர் வாசகர்: உருளைக்கிழங்கு, கொண்டைக்கடலை சாப்பிட்டால் இது வருமா?

வராது.

பயிற்சி மருத்துவர்: சாதாரணச் சிறுநீரகத் தொற்றிலிருந்து இதை எப்படிப் பிரித்து அறிவது?

இதைத்தான் எதிர்பார்த்துக் காத்திருந்தேன். அறிகுறிகளை வைத்துப் பிரிக்க முடியாது. காய்ச்சல், விலா முதுகில் வலி, வாந்தி எல்லாம் இரண்டுக்கும் ஒன்றுதான். சர்க்கரையால் நரம்பு மரத்தவருக்கு வலியே இருக்காது. ஆன்டிபயாடிக் கொடுத்து இரண்டு மூன்று நாளாகியும் காய்ச்சல் இறங்காத சர்க்கரை நோயாளிக்குப் படம் எடுத்தாக வேண்டும். தட்டணு குறைந்து, மனம் குழம்பியிருந்தால் அன்றைக்கே.

இனி என் வழக்கமான புலம்பல். அல்ட்ராசவுண்ட் அறிக்கையில் "குடல் வாயு மறைப்பதால் இடது சிறுநீரகம் சரியாகத் தெரியவில்லை" என்று ஒரு வரி வரும். தெரியவில்லை என்றால் தெரியவில்லை என்று மட்டுமே பொருள். நன்றாக இருக்கிறது என்று பொருள் இல்லை. மறைக்கிற அந்த வாயு குடலில்தான் இருக்கிறது என்று யார் சொன்னது? நான் பயிற்சியில் இருந்தபோது இந்த வரியை நம்பி ஓர் அம்மாளைப் பொது வார்டில் ஒரு ராத்திரி வைத்திருந்தேன். காலையில் எடுத்த சி.டி.யில் சிறுநீரகம் இருந்த இடம் ஆப்பத்தின் நடுப்பகுதியைப் போல ஓட்டை ஓட்டையாக இருந்தது. கல் இருந்தால் அல்ட்ராசவுண்டில் பின்னால் விழும் நிழல் கத்தரித்தாற்போல் சுத்தமாக இருக்கும். வாயுவின் நிழல் புகை மண்டியது போல அழுக்காக இருக்கும். சிறுநீரகத்தின் இடத்தில் அழுக்கு நிழலைப் பார்த்தால் அடுத்தது சி.டி.தான்.

சி.டி.யிலும் ஒரு சூட்சுமம் உண்டு. வயிற்றுக்கான திரை அமைப்பில் கொழுப்பும் கறுப்பாகத் தெரியும், வாயுவும் கறுப்பாகத் தெரியும். நுரையீரலுக்கான அமைப்புக்கு மாற்றிப் பாருங்கள். கொழுப்பு சாம்பல் நிறத்துக்கு வந்துவிடும், வாயு மட்டும் கறுப்பாகவே நிற்கும். ஐந்து விநாடி வேலை.

சேலம் வாசகர்: அப்பாவுக்கு கிரியாட்டினின் (சிறுநீரகம் கெட்டால் ரத்தத்தில் கூடும் கழிவு) 3.4. சாயம் ஏற்றாமல் சி.டி. எடுத்தால் பயன் உண்டா?

தாராளமாக உண்டு. வாயுவைப் பார்க்கச் சாயம் தேவையில்லை. கிரியாட்டினின் கூடியிருப்பதைக் காட்டி சி.டி.யைத் தள்ளிப்போடுவது தவறு.

பெயர் வேண்டாம் என்றவர்: சிறுநீர் கழிக்கும்போது குமிழி குமிழியாகக் காற்று வருகிறது.

அண்மையில் சிறுநீர் வடியக் குழாய் போட்டு எடுத்திருந்தால் ஓரிரு நாள் அப்படி வரலாம். இல்லையென்றால் சிறுநீர்ப்பையில் வாயுத் தொற்றா, குடலுக்கும் பைக்கும் இடையே துளையா என்று பார்க்க வேண்டும். வெறும் நுரையைச் சொல்கிறீர்கள் என்றால் அது வேறு கதை; சிறுநீரில் புரதம் போகிறதா என்று பாருங்கள்.

திருநெல்வேலியிலிருந்து ஓய்வுபெற்ற அறுவை மருத்துவர்: தம்பி, இப்போது எல்லோரும் சீழை வடிக்க முதுகில் குழாய் போட்டுக் காத்திருக்கிறீர்கள். அழுகிய சிறுநீரகத்தை உள்ளே வைத்துக்கொண்டு எதற்குக் காத்திருப்பு? நாங்கள் ராத்திரியோடு ராத்திரியாக எடுத்துவிடுவோம்.

ஐயா, அன்றைக்கு உங்களிடம் இருந்தது கத்தி மட்டும்தான். இன்று சி.டி. பார்த்தே ஊசியை நுழைத்து 14 பிரெஞ்சு அளவுக் குழாயை (ஐந்து மில்லிமீட்டருக்குச் சற்றுக் குறைந்த தடிமன்) வைக்க முடிகிறது. குழாய் உள்ளே போனதும் முதலில் புஸ்ஸென்று காற்று வரும், பிறகு சீழ். அந்தச் சத்தத்தைக் கேட்டவனுக்கு உடனே கத்தியை எடுக்கத் தோன்றாது. தைவானில் ஹுவாங்கும் செங்கும் 2000-இல் 48 நோயாளிகளை வைத்து நோயைப் பிரித்தார்கள். வாயு சிறுநீர் சேரும் பாதையில் மட்டும் இருந்தால் முதல் வகுப்பு. சிறுநீரகத் திசுவுக்குள் என்றால் இரண்டு. அதைத் தாண்டிச் சுற்றுப்புறத்துக்குப் பரவினால் மூன்று. இரண்டு சிறுநீரகத்திலும், அல்லது இருக்கும் ஒரே சிறுநீரகத்தில் என்றால் நான்கு. முதல் இரண்டுக்கும் ஆன்டிபயாடிக்கும் குழாயும் போதும். 2008-இல் 210 நோயாளிகளைத் தொகுத்துப் பார்த்ததில் குழாயும் மருந்தும் பெற்றவர்களில் இறப்பு 13.5 சதவீதம், அவசரமாகச் சிறுநீரகத்தை எடுத்தவர்களில் 25 சதவீதம், வெறும் மருந்தில் 50 சதவீதம்.

மீண்டும் அவரே: கணக்கில் ஏமாறாதே. கத்திக்கு வந்தவர்கள் ஏற்கெனவே சாகக் கிடந்தவர்கள். 25 வராமல் என்ன வரும்? அதே தைவான் கட்டுரையின் அடுத்த வரியைப் படி.

படித்திருக்கிறேன் ஐயா, ஒப்புக்கொள்கிறேன். மோசமானவர்களைக் கத்திக்கும் தேறக்கூடியவர்களைக் குழாய்க்கும் அனுப்பிவிட்டு இரண்டையும் ஒப்பிடுவது நியாயமில்லைதான். நீங்கள் சொல்லும் அடுத்த வரியையும் வாசகர்களுக்குச் சொல்லிவிடுகிறேன். தட்டணு குறைவு, சிறுநீரகச் செயலிழப்பு, நினைவு மங்கல், ரத்த அழுத்தம் சரிந்த அதிர்ச்சி நிலை ஆகிய நான்கில் இரண்டோ அதற்கு மேலோ இருந்த மூன்றாம், நான்காம் வகுப்பு நோயாளிகளில் 92 சதவீதம் பேருக்குக் குழாய் வழி தோற்றது. ஒன்று இருந்தவர்கள், எதுவும் இல்லாதவர்களில் 20-க்கு 17 பேர் பிழைத்தார்கள்.

ஆனாலும் என் கட்சியை விடமாட்டேன். ரத்த அழுத்தம் 70-இல் நிற்கிறவரை மயக்க மருந்து கொடுத்துப் புரட்டிப் போடுவதைவிட, படுத்த படுக்கையில் குழாயைப் போட்டு, சீழை இறக்கி, இன்சுலினும் திரவமும் ஏற்றி, ஒன்றிரண்டு நாளில் தேறாவிட்டால் எடுப்பது மேல். அப்போது எடுக்கப்படுகிறவர் அறுவையைத் தாங்குவார். வேலூர் சி.எம்.சி. மருத்துவர்கள் 2008-இல் எழுதியதும் குழாய் வழிக்கு ஆதரவாகத்தான்.

மூன்றாம் முறையாக அவர்: தேறாவிட்டால் எடுப்பேன் என்கிறாயே, அந்த "தேறாவிட்டால்" எப்போது என்று யார் முடிவு செய்வது? நாளைக்குப் பார்ப்போம் என்று நாலு நாள் ஓட்டுகிறவர்களைப் பார்த்திருக்கிறேன்.

இந்தக் கேள்விக்கு என்னிடம் எதிர்வாதம் இல்லை. நானும் பார்த்திருக்கிறேன். என் பிரிவில் குழாய் போடும்போதே, எந்த நேரத்தில் மறுபடி கூடி முடிவெடுப்பது என்று நோயாளியின் தாளில் மணியோடு எழுதச் சொல்கிறேன். அதற்கு மேல் கற்றுக்கொடுக்க நீங்கள்தான் வர வேண்டும். வந்தால் காபி என் செலவு.

கோவை வாசகர்: சர்க்கரையைச் சிறுநீரில் வெளியேற்றும் மாத்திரை சாப்பிடுகிறேன். நிறுத்திவிடவா?

நீங்களாக நிறுத்தாதீர்கள். டாபாகிளிஃப்ளோசின் வகையைச் சொல்கிறீர்கள். பிறப்புறுப்பில் பூஞ்சைத் தொற்றைக் கூட்டும் என்பது உறுதி. கடும் சிறுநீர்த் தொற்று பற்றி அமெரிக்க மருந்துத் துறை 2015-இல் எச்சரிக்கை சேர்த்தது. பிறகு வந்த பெரிய ஆய்வுகளில் அந்த அளவுக்குக் கூடுதல் தெரியவில்லை. காய்ச்சல், வாந்தி, சாப்பிட முடியாத நாள்களில் மட்டும் மருத்துவரைக் கேட்டு நிறுத்தி வைக்க வேண்டும்.

மூன்று பேர், ஒரே கேள்வி: வாழைத்தண்டுச் சாறு?

பொரியல் செய்து சாப்பிடுங்கள்.

ஈரோடு வாசகி: குழாய் எத்தனை நாள் இருக்கும்? எத்தனை நாள் ஊசி?

நாள் கணக்கு கிடையாது. வடிதல் நின்று, மறு சி.டி.யில் வாயுவும் சீழும் போன பிறகு எடுப்பார்கள். சிலருக்கு வாரக் கணக்காகும். தொடக்கத்தில் மெரோபெனம் போன்ற வலுவான ஊசி, கிருமியை வளர்த்துப் பார்க்கும் கல்ச்சர் சோதனையின் முடிவு வந்ததும் அதற்கேற்ற மருந்து, மொத்தம் குறைந்தது இரண்டு வாரம். குழாயிலிருந்து வடியும் பையை இடுப்புக்குக் கீழேயே வையுங்கள்; குழாய் மடங்காமல் பாருங்கள்.

இன்னும் இரண்டு பேர்: இஞ்சி, பூண்டு, பெருங்காயம்?

ரசத்துக்கு நல்லது.

விழுப்புரம் வாசகர்: விலாவில் வாயுப்பிடிப்பு. மருந்துக்கடையில் வலி ஊசி போட்டேன், காய்ச்சலும் விட்டது. பிறகு எடுத்த ஸ்கேன் அறிக்கையை இத்துடன் அனுப்பியிருக்கிறேன். வயது 58, சர்க்கரை பன்னிரண்டு ஆண்டாக. இன்று காய்ச்சல் திரும்பிவிட்டது. இது நீங்கள் சொன்னதில் எந்த வகுப்பு?

அறிக்கையைப் பார்த்தேன். நான்காம் வரி: "குடல் வாயு மறைப்பதால் இடது சிறுநீரகம் தெரியவில்லை." வகுப்பை விடுங்கள். வலி ஊசி காய்ச்சலை மறைக்கும், சிறுநீரகத்தையும் கெடுக்கும், இன்னொன்று போடாதீர்கள். அருகிலுள்ள அரசு மருத்துவக் கல்லூரி அவசரப் பிரிவுக்கு இப்போதே கிளம்புங்கள். தனியாகப் போகாமல் வீட்டில் ஒருவரைக் கூட்டிக்கொள்ளுங்கள். இந்த அறிக்கையைக் கையில் எடுத்துப் போய் நான்காம் வரியைக் காட்டி சி.டி. வேண்டும் என்று கேளுங்கள். போய்ச் சேர்ந்ததும் எனக்கு ஒரு வரி எழுதுங்கள்; மற்றவர்களின் கேள்விகளை அதற்குப் பிறகு எடுத்துக்கொள்கிறேன்.