மானிடவியல் கேட்கும் மகளும் எட்டு லட்சம் கடனும்

ஐயா, மகள் மனிதர்களின் வாழ்க்கையையும் சமூகத்தையும் ஆராயும் மானிடவியல் படிக்கிறேன் என்கிறாள், உங்கள் மைத்துனரோ நிர்வாக ஒதுக்கீட்டில் கம்ப்யூட்டர் சயன்ஸ்தான் என்று நிற்கிறார். உங்கள் கலக்கம் நியாயமானது. ஆனால் மைத்துனர் சொல்வது சரியில்லை.

அவர் சொல்லும் படிப்புக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வீதம் நான்கு ஆண்டுக்கு 8 லட்சம் கடன் வாங்குகிறீர்கள். 10 சதவீதம் என்றால், படிப்பும் அடுத்த ஓராண்டு அவகாசமும் முடியும்போது தனிவட்டி மட்டும் 2.8 லட்சம். பிறகு பத்து ஆண்டுக்கு மாதம் சுமார் 14,300 ரூபாய் தவணை. 7.5 லட்சத்துக்கு மேல் போனால் வங்கி பொதுவாகச் சொத்துப் பிணை கேட்கும். அந்தத் தவணை இருக்கும்வரை வேலையில் எந்த மேலாளரிடமும் “முடியாது” என்று அவளால் மறுக்க இயலாது.

அவள் படிக்க விரும்புவதும் இதைத்தான்: கடன் எப்படி ஆளை வேலையோடு கட்டுகிறது? ஒடிசாவின் பலாங்கிர் மாவட்டத்தை எடுத்துக்கொள்ளுங்கள். அறுவடைக்கால நுவாகாய் பண்டிகையை ஒட்டி சர்தார் எனப்படும் தரகர் முன்பணம் தருகிறார். அதை வாங்கியவர்கள் குடும்பமாகத் தெலங்கானாவின் செங்கல் சூளைகளுக்கும் நம் திருவள்ளூர் சூளைகளுக்கும் வருகிறார்கள். கூலி ஆயிரம் கல்லுக்கு இவ்வளவு என்று பேச்சு. வாராந்தரச் சாப்பாட்டுப் பணமும் கடன் கணக்கில் ஏறும், கணக்கு நோட்டு முதலாளியிடம் இருக்கும். கொத்தடிமைக் கடன்களை ரத்து செய்த சட்டம் 1976-லேயே வந்தும் இது தொடர்கிறது.

இதை ஆராயத் தனிப் பயிற்சி வேண்டும். “எவ்வளவு கடன்?” என்று நேராகக் கேட்டால் பாதிதான் வரும்; கைமாற்றும் அடகும் விட்டுப்போகும். கல்யாணம், ஆஸ்பத்திரி, போர்வெல் என்று செலவைப் பிடித்துக் கேட்டால்தான் கடன் ஒவ்வொன்றாக வெளிவரும். சர்தார் பக்கத்தில் இருந்தால் பதில் மாறிவிடும். ஊருக்குத் திரும்பிய பிறகு மறுபடி கேட்க வேண்டும். குறிப்பை அன்றிரவே எழுதாவிட்டால் யார் முன்னால் யார் தயங்கினார் என்பது மறந்துபோகும். மொழி தெரியாமல் இதில் எதுவும் நடக்காது.

பக்கத்து அரசுக் கலைக் கல்லூரியில் பொருளியலோ வரலாறோ மூன்றாண்டு படிக்கட்டும். கட்டணம் சில ஆயிரம்தான். முதுகலைக்குச் சென்னைப் பல்கலைக்கழகத்தில் மானிடவியல் துறை உண்டு. புதுச்சேரி, ஹைதராபாத் மத்தியப் பல்கலைக்கழகங்களுக்கு க்யூட் முதுகலை நுழைவுத் தேர்வு எழுத வேண்டும். வேலை? இந்திய மானிடவியல் அளவாய்வு நிறுவனத்தில் காலியிடம் குறைவு. 2013 நில எடுப்புச் சட்டம் கேட்கும் சமூகத் தாக்க மதிப்பீடு, தொழிலாளர் ஆய்வு, கற்பித்தல் ஆகியவற்றில் வாய்ப்புண்டு. தொடக்கச் சம்பளம் சிறியதுதான், ஆனால் கடன் இல்லாத பிள்ளையால் அதைத் தாங்க முடியும்.

நிர்வாக ஒதுக்கீட்டில் இடம் பிடித்துவைக்க முன்பணம் கட்டச் சொன்னால் கட்டாதீர்கள். அரசுக் கல்லூரி விண்ணப்பத்தை இந்த வாரமே போடுங்கள், பாடத்தை அவளே தேர்ந்தெடுக்கட்டும்.